செக்காலையிலிருந்து பள்ளத்தூருக்கு இரண்டு ஆஸ்கர்

கேள்வி: காரைக்குடி செக்காலையில் வாடகைக்கு இருக்கிறோம். அப்பச்சிக்கு வைகாசியில் ஆயுள் சாந்தி விழா. அதற்காகப் பள்ளத்தூர் பெரிய வீட்டில் வெள்ளையடிப்பு, நிலைக்கதவுகளுக்கு வார்னிஷ் எல்லாம் நடக்கிறது. இன்னும் மூன்று வாரத்தில் இந்த வீட்டைக் காலி செய்துவிட்டு அங்கேயே குடிபோகிறோம். நாலடித் தொட்டியில் ஒரு சாணுக்கு மேல் வளர்ந்த ஆஸ்கர் இரண்டும் ஒரு சக்கர் மீனும் இருக்கின்றன. சின்னத் தொட்டியில் இருபது கப்பி, தனியாக ஒரு ஃபைட்டர். கப்பியில் பாதியும் ஃபைட்டரும் சென்னையில் இருக்கும் அக்கா வீட்டுக்குப் போக வேண்டும். பல்லவன் ரயிலில் எடுத்துப் போகலாம் என்று எண்ணம். இரண்டு வருடத்துக்கு முன் வீடு மாறியபோது மீன்கள் உயிரோடுதான் வந்து சேர்ந்தன. மூன்றாம் நாள் ஒன்று, நான்காம் நாள் மற்றவை என்று எல்லாம் செத்துவிட்டன. இத்தனைக்கும் தொட்டி, கல், ஃபில்டர் எல்லாவற்றையும் பளிச்சென்று கழுவிப் புதுத் தண்ணீர்தான் ஊற்றினோம். இந்த முறை பாதித் தண்ணீரோடு தொட்டியையே குட்டி யானையில் ஏற்றிவிடலாமா? பரணில் கிடக்கும் செம்பு அண்டாவை இறக்கி அதில் மீனை விட்டு வைக்கலாம் என்கிறார்கள் ஆத்தா. சக்கர் மீன் ரொம்பப் பெரிதாகிவிட்டது. அதை ஊருணியில் விட்டுவிடலாமா?

— ஒரு வாசகர், காரைக்குடி

பதில்:

‘பளிச்சென்று கழுவி’ என்று எழுதியிருக்கிறீர்களே, மீன்களைக் கொன்றது அதுதான். வழியில் அடிபட்ட மீனோ மூச்சு முட்டிய மீனோ அன்று ராத்திரிக்குள் தெரிந்துவிடும். வந்து இறங்கி நன்றாக நீந்திவிட்டு, மூன்றாம் நாளிலிருந்து வரிசையாகச் சாகிறது என்று யார் சொன்னாலும் நான் முதலில் கேட்பது, “ஃபில்டர் ஸ்பாஞ்சை எந்தத் தண்ணீரில் கழுவினீர்கள்?” என்பதைத்தான். பெரும்பாலும் பதில் குழாயடி என்றே வரும்.

மீன் தன் கழிவில் பெரும்பகுதியைச் செவுள் வழியாக அம்மோனியாவாகத் தண்ணீரில் விட்டுக்கொண்டே இருக்கிறது. பழகிய தொட்டியில் அதை ஒருவகை பாக்டீரியா நைட்ரைட்டாக மாற்றும், இன்னொரு வகை அந்த நைட்ரைட்டை அதிகக் கெடுதல் இல்லாத நைட்ரேட்டாக மாற்றும். இவை தண்ணீரில் மிதந்து வாழ்பவை அல்ல. ஸ்பாஞ்சிலும் கல்லிலும் பழுப்பாக, தொட்டால் வழுவழுவென்று ஒட்டியிருக்கிறதே, அழுக்கு என்று நீங்கள் தேய்த்துக் கழுவியது, அதில்தான் இருக்கின்றன. ப்ளீச்சிங் பவுடர் போட்ட குழாய்த் தண்ணீர் பட்டாலே பெரும்பாலானவை செத்துவிடும். மறுபடி முழு பலத்துக்கு வர நாலு முதல் ஆறு வாரம் ஆகும். உங்கள் மீன்களுக்குக் கிடைத்ததோ மூன்று நாள்.

நம் ஊரில் எல்லோரும் இதைத் தலைகீழாகத்தான் செய்கிறார்கள். பழைய தண்ணீரைக் குடம் குடமாகச் சுமக்கிறார்கள், ஸ்பாஞ்சைக் குழாயடியில் பிழிகிறார்கள். தயிர் உறைய உறைமோர் போல, புதுத் தொட்டிக்கு அந்த அழுக்கு ஸ்பாஞ்ச். பள்ளத்தூருக்கு மீனைக் கொண்டுபோவது பெரிய வேலை இல்லை. பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர், கோட்டையூர் தாண்டினால் வந்துவிடும். ஸ்பாஞ்சை உயிரோடு கொண்டுபோய்ச் சேர்ப்பதுதான் வேலை.

கையில் மூன்று வாரம் இருப்பது பெரிய வசதி. இன்றைக்கே இரண்டு சின்ன ஸ்பாஞ்ச் ஃபில்டர் வாங்கி, ஓடிக்கொண்டிருக்கிற நாலடித் தொட்டிக்குள் கூடுதலாகப் போட்டுவிடுங்கள். மூன்று வாரத்தில் முழுதாகப் பழுக்காது, ஆனாலும் வெறும் ஸ்பாஞ்சை விட எவ்வளவோ மேல். ஒன்று பள்ளத்தூரில் கூடுதல் பலத்துக்கு, இன்னொன்று சென்னைக்கு.

அடுத்தது தண்ணீர். பள்ளத்தூர் வீட்டில் போரா, கிணறா, குழாயா என்று நீங்கள் எழுதவில்லை. எதுவானாலும் செக்காலைத் தண்ணீரும் அதுவும் ஒன்றாக இருக்காது. உப்பு, கடினத்தன்மை, காரத்தன்மை எல்லாம் மாறும். ஒரே நாளில் மாற்றினால் மீனுக்கு அதிர்ச்சி. அதனால் வெள்ளையடிப்பைப் பார்க்கப் போகும்போதெல்லாம் இரண்டு மூன்று கேன் தண்ணீர் அங்கிருந்து எடுத்து வாருங்கள். வாராவாரம் தண்ணீர் மாற்றும்போது கால் பங்குக்கு அந்தத் தண்ணீரையே ஊற்றுங்கள். வீடு மாறும் நாளில் மீனுக்கு அது பாதிக்கு மேல் பழகிய தண்ணீராக இருக்கும். போர் தண்ணீர் என்றால் எடுத்தவுடன் ஊற்ற வேண்டாம். பூமிக்கடியிலிருந்து வரும் தண்ணீரில் ஆக்சிஜன் குறைவாகவும் கரியமில வாயு அதிகமாகவும் இருக்கும். ஒரு ராத்திரி ஏர் பம்ப் போட்டு வைத்து மறுநாள் ஊற்றுங்கள். குழாய்த் தண்ணீர் என்றால் கடையில் விற்கும் ஆன்டி குளோரின் சொட்டு மருந்து போதும், அது ஹைப்போ கரைசல்தான். முற்றத்து ஓட்டிலிருந்து இறங்கும் மழைத்தண்ணீர் குடிக்க அருமையானது. தொட்டிக்கு அதை மட்டும் ஊற்றாதீர்கள். அதில் உப்பே இல்லை, காரத்தன்மை சட்டென்று சரிந்துவிடும்.

இனி வெள்ளையடிப்பு. உங்கள் கடிதத்தில் எனக்கு அதிகக் கவலை தந்த வரி இதுதான், நீங்கள் போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். ஏர் பம்ப் என்பது அறையில் இருக்கும் காற்றை உறிஞ்சித் தண்ணீருக்குள் தள்ளும் கருவி. அறையில் வார்னிஷ் வாடை, தின்னர் வாடை இருந்தால் அதுவும் தண்ணீருக்குள் போகும். சுண்ணாம்புத் தூள் ஒரு பிடி விழுந்தாலே தண்ணீரின் காரம் எகிறி மீன் சாகும். தொட்டி போகும் அறையில் மட்டுமாவது வேலையை முதலில் முடிக்கச் சொல்லுங்கள். கதவு ஜன்னலைத் திறந்து போட்டு, உள்ளே நுழைந்தால் மூக்குக்கு எதுவும் தெரியாத நிலை வந்த பிறகே மீன் உள்ளே வர வேண்டும். ஒரு வாரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

எந்த அறை? வருகிறவர்கள் பார்க்கட்டும் என்று வளவு (முற்றத்தைச் சுற்றிய கூடம்) நடுவில், முற்றத்தை ஒட்டி வைக்க ஆசையாகத்தான் இருக்கும். வேண்டாம். முற்றத்து வெயில் நேராக விழுந்தால் தண்ணீர் பச்சையாகும், சூடேறும். இரண்டாங்கட்டில் சாந்திக்குச் சமையல், புகை, ஆள் நடமாட்டம். வளவைச் சுற்றியிருக்கும் அறைகளில் உங்கள் புள்ளிக்கு, அதாவது உங்கள் குடும்பத்துக்கு, உரிய அறையில் வைத்துக் கதவைச் சாத்திக்கொள்ளுங்கள். அந்தக் கனத்த சுவருக்குள் சித்திரை வெயிலிலும் சூடு அவ்வளவாக ஏறாது, ஏசி இல்லாமலே மீனுக்கு நல்ல இடம். மாடியில் வைக்க நினைத்தால் அதையும் விட்டுவிடுங்கள். 4 அடி நீளம், ஒன்றரை அடி அகலம், ஒன்றரை அடி உயரத் தொட்டி நிறைந்தால் சுமார் 250 லிட்டர், அதாவது தண்ணீர் மட்டுமே 250 கிலோ. கல், கண்ணாடி, ஸ்டாண்ட் கணக்கு தனி. பழைய மரச்சட்டத்தின் மேல் நிற்கும் மெத்தைத் தளத்தில் இதை ஒரே இடத்தில் ஏற்றுவது புத்திசாலித்தனம் இல்லை.

கீழ்த்தளத்திலும் ஒன்றைப் பார்க்க வேண்டும். ஆத்தங்குடிக் கல் பதித்த பழைய தரை கண்ணுக்குச் சமமாகத் தெரியும், தண்ணீர் வடிய லேசான வாட்டம் இருக்கலாம். வேலை செய்யும் கொத்தனாரிடம் ரசமட்டம் இருக்கும். ஸ்டாண்டின் மேல் நெடுக்கிலும் குறுக்கிலும் வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். காலுக்கடியில் சக்கை கொடுத்துச் சமன் செய்து, மேலே தெர்மாகோல் ஷீட் விரித்து அதன் மேல் தொட்டி. ஒரு முனை தாழ்ந்தால் சிலிக்கான் ஒட்டில் விசை ஏறி, என்றைக்காவது ஒரு ராத்திரி தண்ணீர் தரைக்கு வரும்.

பாதித் தண்ணீரோடு தொட்டியைக் குட்டி யானையில் ஏற்றும் யோசனையை மறந்துவிடுங்கள். பாதி என்றாலே 125 கிலோ, அதுவும் ஆடுகிற கனம். இரண்டு அங்குலத் தண்ணீர் விட்டாலும் 25 கிலோவுக்கு மேல் அலையடிக்கும். ஒவ்வொரு வேகத்தடையிலும் அது கண்ணாடியில் மோதும். தூக்கும்போது இரண்டு பேர் கை ஒரே மட்டத்தில் இல்லாமல் போனாலே அடிக்கண்ணாடி முறுக்கிக்கொள்ளும். அன்றைக்கு ஒன்றும் தெரியாது, நாலு நாள் கழித்து மூலையில் கசியும். தொட்டி காலியாக, கல்கூட இல்லாமல், பழைய மெத்தையின் மேல் நிமிர்ந்த நிலையில் போக வேண்டும். உள்ளே எதையும் வைத்து அனுப்பாதீர்கள். இடம் காலியாக இருக்கிறதே என்று யாராவது குத்துவிளக்கை வைத்துவிடுவார்கள்.

ஆத்தாவின் அண்டாவுக்கு வருகிறேன். பெரிய பாத்திரம், வாய் அகலம், குளிர்ச்சி. அவர்கள் சொன்னதில் தர்க்கம் இருக்கிறது. ஆனால் செம்பு மீனுக்கு நஞ்சு. மீனின் ஒட்டுண்ணி நோய்க்குச் செம்பை மருந்தாகவே பயன்படுத்துகிறோம், மயில்துத்தமும் செம்புதான். கடல்மீன் தொட்டிகளில் லிட்டருக்கு 0.15 முதல் 0.2 மில்லிகிராம் அளவில், தினமும் சோதித்துச் சோதித்துத்தான் கொடுப்பார்கள். நன்னீரில், அதுவும் உப்புக் குறைந்த தண்ணீரில், அந்த அளவே மீனைக் கொல்லக்கூடும். பரணிலிருந்து இறக்கிய அண்டாவைப் புளி போட்டுத் தேய்ப்பீர்கள். புளிப்பு பட்டால் செம்பு இன்னும் அதிகமாகக் கரையும். பித்தளையும் வேண்டாம், அதில் செம்போடு துத்தநாகமும் இருக்கிறது. ஈயம் பூசியது என்றாலும் பூச்சு எங்கே தேய்ந்திருக்கிறது என்று யாருக்குத் தெரியும்? ஆத்தாவிடம் அண்டாவைப் பாயசத்துக்கு வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். பாயசத்துக்கும் ஈயம் பூசிய பிறகுதான்.

மீனுக்கு வேண்டியது மூடி உள்ள பிளாஸ்டிக் ட்ரம், 50 அல்லது 60 லிட்டர் அளவில், ஆஸ்கருக்கு ஒன்று வீதம் இரண்டு. சக்கர் மீனுக்கு மூடியுள்ள பெரிய வாளி. இவற்றில் முன்பு சோப்புத் தூளோ பெயிண்டோ பினாயிலோ இருந்திருக்கக் கூடாது. எத்தனை முறை கழுவினாலும் அந்த வாளி வேண்டாம். மூடியில் நாலைந்து ஓட்டை போட்டு, ஏர் டியூப் போக ஒரு வழி வையுங்கள். பேட்டரியில் ஓடும் ஏர் பம்ப் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது, இரண்டு வாங்குங்கள். சாந்தி அன்று சீரியல் செட்டும் கிரைண்டரும் சேர்ந்து பியூஸைப் போக்கினாலும் அது கைகொடுக்கும்.

நாளைக் குறித்ததும், அதற்கு இரண்டு நாள் முன்பிருந்து தீனியை நிறுத்துங்கள். மனசு கேட்காது, தெரியும். ஆஸ்கர் முகத்தைக் கண்ணாடியில் வைத்துக்கொண்டு பார்க்கும் பார்வைக்கு வீட்டில் யாராவது ஒருவர் மசிந்து நாலு உருண்டை போட்டுவிடுவார்கள். அந்த நாலு உருண்டையும் மூடிய ட்ரம்முக்குள் கழிவாகத்தான் வெளியே வரும். வளர்ந்த மீன் ஒரு வாரம் பட்டினி கிடந்தாலும் ஒன்றும் ஆகாது.

முதல் நாள் மாலையே பள்ளத்தூரில் ஒரு பெரிய ட்ரம்மில் தண்ணீர் பிடித்து, குளோரின் எடுத்து, ஏர் பம்ப் ஓட விட்டு வாருங்கள். கிளம்புவது விடியற்காலை. அக்னி நட்சத்திர நாளில் பத்து மணிக்கு மேல் வண்டியின் இரும்புத் தளம் அடுப்பாக இருக்கும். 25 டிகிரியில் ஒரு லிட்டர் தண்ணீர் சுமார் 8.3 மில்லிகிராம் ஆக்சிஜனைப் பிடித்து வைக்கும், 35 டிகிரியில் 7 தான். சூடு ஏற ஏற மீனுக்கு ஆக்சிஜன் அதிகமாகத் தேவை, தண்ணீரிலோ அது குறைகிறது. இரண்டு பக்கமும் இடி.

நாலரை மணிக்கு வேலையைத் தொடங்கினால் போதும். தொட்டி லைட்டைப் போடாதீர்கள். ஹீட்டர் இருந்தால் முதலில் பிளக்கைப் பிடுங்கி ஆற விடுங்கள். டியூப் வைத்துத் தெளிந்த தண்ணீரை மேலாக இழுத்து, இரண்டு ட்ரம்மையும் பாதிக்கு நிரப்புங்கள். இன்னும் 80 லிட்டர் போல கேன்களில் பிடித்துக்கொள்ளுங்கள். அதற்கு மேல் பழைய தண்ணீர் தேவையில்லை. பிறகு ஃபில்டரைக் கழற்றி, ஸ்பாஞ்சையும் மற்றப் பொருள்களையும் வாய் அகலமான ஒரு டப்பாவில் போட்டு, நனைந்திருக்கும் அளவுக்குத் தொட்டித் தண்ணீர் விட்டு, மூடாமல் வையுங்கள். தொட்டிக்கு வெளியே நிற்கும் மூடிய கேனிஸ்டர் ஃபில்டராக இருந்தால் அப்படியே மூடி எடுத்துப் போகிற வேலை வேண்டாம். உள்ளே இருக்கும் ஆக்சிஜனைப் பாக்டீரியாவே தின்று தீர்த்துவிட்டு, தானும் செத்து, தண்ணீரையும் நாற அடிக்கும். போய்ச் சேர்ந்து அதை ஓட விட்டால் அந்த நாற்றம் நேரே தொட்டிக்குள்.

மீன் பிடிப்பது இதற்குப் பிறகு. தண்ணீர் முக்கால் அடிக்கும் கீழே இறங்கி, மரக்கட்டை, பானை எல்லாம் வெளியே வந்த பின் பிடித்தால் துரத்தவே வேண்டாம். தண்ணீர் நிறைய இருக்கும்போது வலையை விட்டுத் துழாவுவதுதான் செதில் உதிர்வதற்கும் கண் கிழிவதற்கும் காரணம். ஆஸ்கருக்கு வலையே வேண்டாம் என்பது என் கட்சி. ஒரு பெரிய பிளாஸ்டிக் டப்பாவைத் தண்ணீருக்குள் படுக்க வைத்து மூலையில் ஒருவர் பிடித்துக்கொள்ளட்டும். இன்னொருவர் நனைத்த கையால் பின்னாலிருந்து மெதுவாக ஒதுக்கினால் மீன் தானே உள்ளே போகும். டப்பாவை நிமிர்த்தி, தண்ணீரோடு தூக்கி, மேலே இன்னொரு கை வைத்து மூடியபடி ட்ரம்முக்கு. ஆஸ்கர் துள்ளும். மூடி போட்டதும் இருட்டில் இரண்டு நிமிஷத்தில் அடங்கிவிடும். கை உலர்ந்திருக்கக் கூடாது, எண்ணெய், சோப்பு எதுவும் பட்டிருக்கக் கூடாது. மீன் உடம்பின் மேல் இருக்கும் வழவழப்புதான் அதற்குத் தோல் மேல் ஒரு தோல். உலர்ந்த கை அதை உரித்து எடுத்துவிடும், பிறகு பூஞ்சை பிடிக்கும்.

சக்கர் மீனை மட்டும் எந்தக் காரணத்துக்காகவும் வலையில் பிடிக்காதீர்கள். பயந்தால் பக்கத் துடுப்பின் முள்ளை விறைத்துக்கொண்டு நிற்கும், முள் வலையில் பின்னிக்கொள்ளும். இழுத்தால் துடுப்பு பிய்யும். தவறி மாட்டிக்கொண்டால் மீனைத் தண்ணீருக்குள்ளேயே வைத்துக் கத்தரிக்கோலால் வலையை வெட்டுங்கள். வலை போனால் போகிறது.

கல்லைக் கடைசியாக எடுங்கள். அடியில் கிடக்கும் கசடு கிளம்பும்போது மீன் தொட்டியில் இருக்கவே கூடாது. மிச்சமிருக்கும் தொட்டித் தண்ணீரிலேயே கல்லை அலசி, ஈரத்தோடு வாளியில் போட்டுக்கொள்ளுங்கள். குழாயடிப் பக்கம் அதுவும் போகக் கூடாது.

பள்ளத்தூர் போனதும் முதலில் வண்டியிலிருந்து இறங்க வேண்டியது தொட்டி. வீட்டில் எல்லோரும் பால் காய்ச்சுவதிலும் சாமான் இறக்குவதிலும் இருப்பார்கள். மீனுக்கென்று ஒரே ஒரு ஆளை ஒதுக்கி, அவரை வேறு எதற்கும் கூப்பிடாதீர்கள். கல், பழைய தண்ணீர், ஊற வைத்த புதுத் தண்ணீர், உடனே ஃபில்டர். ஃபில்டர் நின்றதிலிருந்து மறுபடி ஓடும் வரை இடைவெளி இரண்டு மூன்று மணி நேரத்துக்குள் இருந்தால் நல்லது. தொட்டித் தண்ணீரைத் தொட்டுப் பார்த்து, ட்ரம் தண்ணீரின் சூட்டோடு ஒத்திருக்கிறதா என்று பாருங்கள், தெர்மாமீட்டர் இருந்தால் இன்னும் உத்தமம். தொட்டித் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக அரைமணி நேரம் ட்ரம்மில் ஊற்றிப் பழக்கி, பிறகு மீனை மட்டும் டப்பாவில் எடுத்து விடுங்கள். ட்ரம் தண்ணீர் செடிக்கு.

அன்று லைட் வேண்டாம், தீனி வேண்டாம். ஆஸ்கர் கறுத்துப்போய், ஒரு பக்கமாகச் சாய்ந்து, அடியில் படுத்துக்கொண்டால் பதறாதீர்கள். இடம் மாறினால் கோபித்துக்கொள்ளும் ஜாதி அது. செவுள் ஒரே சீராக அசைகிறது என்றால் ஒன்றுமில்லை. சாப்பிடாமல் நாலைந்து நாள் முறுக்கிக்கொண்டு இருக்கும். இந்த நேரத்தில்தான் யாராவது வந்து நீல மருந்து (மெத்திலீன் ப்ளூ) ஊற்றச் சொல்வார்கள். ஊற்றினால் நீங்கள் பாடுபட்டுக் கொண்டுவந்த பாக்டீரியா அதோடு போகும்.

முதல் பத்து நாளைக்கு தினம் ஒரு முறை அம்மோனியா, நைட்ரைட் இரண்டையும் சொட்டு மருந்துக் கிட்டில் சோதியுங்கள். வழக்கமாகப் போடும் தீனியில் மூன்றில் ஒரு பங்கு, அதுவும் ஒருநாள் விட்டு ஒருநாள். அம்மோனியா லிட்டருக்கு 0.5 மில்லிகிராமைத் தொட்டால் மூன்றில் ஒரு பங்கு தண்ணீரை மாற்றுங்கள். நைட்ரைட் நிறம் காட்டினால் தண்ணீர் மாற்றுவதோடு லிட்டருக்கு 1 கிராம் கல்லுப்பு கரைத்து விடலாம். நைட்ரைட் செவுள் வழியாக ரத்தத்துக்குள் போவதை உப்பு தடுக்கும். போன முறை மூன்றாம் நாள் செத்ததே, அந்த நாளை இந்த முறை எண்களால் தாண்டப் போகிறீர்கள்.

சாந்திக்கு முதல் நாள் வீடு முழுக்கக் கொசு மருந்து அடிப்பார்கள். அந்த மருந்துகளில் இருக்கும் பைரித்ராய்டு வகை நஞ்சு மனிதருக்குத் தும்மலோடு போகும், மீனுக்குப் போகாது. உங்கள் அறையில் அடிக்கவே விடாதீர்கள். வளவில் அடிக்கும்போது அறைக்கதவைச் சாத்தி, கீழ் இடுக்கில் ஈரத்துணி வைத்து, வாடை அடங்கும் வரை வெளியே இருந்து காற்றை இழுக்கும் ஏர் பம்ப்பை நிறுத்தி வையுங்கள். தண்ணீருக்குள் ஓடும் ஃபில்டர் ஓடட்டும்.

சென்னைக்குப் போகும் கப்பிகளுக்குக் கணக்கே வேறு. பல்லவன் விடியற்காலை கிளம்பி மதியவாக்கில் எழும்பூர் போகும், வீட்டுக்கு வீடு எட்டு ஒன்பது மணி நேரம். முந்தின நாள் கடையில் கொடுத்து ஆக்சிஜன் பிடித்துத் தரச் சொல்லுங்கள். இரண்டு கவர், ஒன்றுக்குள் ஒன்று. மூன்றில் ஒரு பங்கு தண்ணீர், இரண்டு பங்கு ஆக்சிஜன். கவருக்கு ஐந்து மீன். கவரின் கூர்மூலைகளைத் திருகி ரப்பர் பேண்ட் போடச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் சின்ன மீன் அந்த மூலைக்குள் போய் நசுங்கும். வாயால் ஊதிக் கட்டுகிற பழக்கம் இன்னும் சிலரிடம் இருக்கிறது. நாம் விடும் மூச்சில் ஆக்சிஜன் 16 சதவீதம்தான், கரியமில வாயுவோ 4 சதவீதம்; ஊதாமல் வெறும் காற்றை வளைத்துக் கட்டினாலே 21 சதவீதம் கிடைக்கும். வயிறு சதுரமாகத் தெரியும் பெண் கப்பிகளை இந்தப் பயணத்துக்கு எடுக்காதீர்கள், வழியில் குட்டி போடும். ஃபைட்டர் தனிக் கவரில், ஆக்சிஜன் இல்லாமல், சாதாரணக் காற்றோடு. அது மேலே வந்து காற்றை விழுங்கிச் சுவாசிக்கும் மீன்.

கவர்களைத் தெர்மாகோல் பெட்டியில் செய்தித்தாள் சுற்றி நெருக்கமாக வையுங்கள். ஏசி பெட்டியில் போனால் குளிரிலிருந்தும், ஏசி இல்லாத பெட்டியில் போனால் வெயிலிலிருந்தும் தெர்மாகோல் காக்கும். சூடு அதிகமானால் உறைந்த தண்ணீர் பாட்டில் ஒன்றைத் துணியில் சுற்றி ஓரமாக வைக்கலாம், கவரைத் தொடக் கூடாது. வழியில் யாராவது திறந்து காட்டச் சொன்னால் காட்டாதீர்கள். இருட்டில் இருக்கும் வரைதான் மீன் அமைதியாக இருக்கும். ஈர ஸ்பாஞ்சைத் தனி டப்பாவில், மூடியை லேசாகத் தளர்த்தி, மீனோடு அனுப்புங்கள்.

அக்கா வீட்டில் நடக்க வேண்டியது பள்ளத்தூரில் செய்ததற்கு நேர் எதிர், இதை அவர்களிடம் போனில் தெளிவாகச் சொல்லுங்கள். கட்டிய கவருக்குள் மீன் விட்ட மூச்சின் கரியமில வாயு சேர்ந்து தண்ணீர் புளிப்பேறியிருக்கும். அந்தப் புளிப்பு இருக்கும் வரை அம்மோனியா அவ்வளவாகக் கடிக்காது. 30 டிகிரியில், காரத்தன்மை எண் (pH) 6.5 என்றால் மொத்த அம்மோனியாவில் நஞ்சு வடிவில் இருப்பது கால் சதவீதம்; எண் 8 என்றால் ஏழரை சதவீதம், முப்பது மடங்கு. கவரைத் திறந்ததும் வாயு வெளியேறி எண் ஏறத் தொடங்கும். அதனால் கவரைத் திறக்காமல் தொட்டியில் இருபது நிமிஷம் மிதக்க விட்டுச் சூட்டைச் சமப்படுத்த வேண்டும். பிறகு திறந்த உடனே மீனைச் சின்ன வலையில் எடுத்துத் தொட்டியில் விட்டுவிட வேண்டும். திறந்த கவரில் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விட்டு ஒருமணி நேரம் பழக்குவது இவ்வளவு தூரம் வந்த மீனுக்குக் கெடுதல். குறுகிய பயணத்துக்குச் சரியான பழக்கம், நெடும்பயணத்துக்குப் பொருந்தாது. சென்னைக் குழாய்த் தண்ணீரிலும் குளோரின் உண்டு. தொட்டித் தண்ணீரை முதல் நாளே தயார் செய்யச் சொல்லுங்கள்.

கடைசியாகச் சக்கர் மீன். ஊருணியில் விடக் கூடாது. கண்மாயிலும் கூடாது, கிணற்றிலும் கூடாது. அது தென்னமெரிக்க மீன், ஒன்றரை அடி வரை வளரும். இங்கே அதைத் தின்ன ஆளில்லை. தமிழ்நாட்டு ஏரி குளங்களில் ஏற்கெனவே பரவி, கரைகளில் வளை தோண்டுவதும், பாசியைத் தீர்ப்பதும், மீனவர் வலையைக் கிழிப்பதுமாக இருக்கிறது. குடிநீர் ஊருணியில் கால் நனைக்கக்கூட விடாத ஊர்க்காரர் நீங்கள். மழைக்காலத்தில் ஊருணி மறுகால் போனால் அது கண்மாய்க்குப் போகும், அடுத்த வருடம் மீன்பாசி குத்தகை எடுத்தவர் வலையில் கெண்டைக்குப் பதில் முள்ளோடு இதைத்தான் இழுப்பார். நாலடித் தொட்டியில் ஆஸ்கர்களோடு இன்னும் ஒரு வருடம் ஓட்டலாம், எனவே இப்போதைக்கு உங்களோடே அழைத்துப் போங்கள். அதற்குப் பிறகும் இடம் போதாது என்றால் பெரிய தொட்டி வைத்திருக்கும் யாருக்காவது கொடுங்கள். காரைக்குடியிலேயே பெரிய மீன்களைத் திருப்பி வாங்கிக்கொள்ளும் கடைகள் இருக்கின்றன. காசு கேட்காமல் கொடுத்தால் மறுக்க மாட்டார்கள்.